டியூ ஏறாத வீடு

9 செப்டம்பர் 2021, வியாழன்

கிரகப்பிரவேசம் முடிந்தது. கால் இரண்டும் கழன்று விழும்போல இருக்கிறது. இருந்தாலும் இதை எங்கேயாவது கொட்டாவிட்டால் எனக்கு மண்டை வெடித்துவிடும். என் வீட்டுக்காரர் பம்ப்செட் கம்பெனியில் ஸ்டோர் கீப்பர். வருஷா வருஷம் டைரி தருவார்கள். 2019 டைரி ஒன்று காலியாகக் கிடந்தது. தேதியை அடித்துவிட்டு இதில் எழுதுகிறேன்.

மாமனார் விட்டுப்போன இடத்தை விற்று, அண்ணனும் தம்பியும் ஆளுக்குப் பாதி எடுத்துக்கொண்டு, வடவள்ளியில் ஒரே கட்டடத்தில் ஆளுக்கொரு வீடு வாங்கினார்கள். முதல் மாடி எங்களுக்கு. இரண்டாவது மாடி என் கொழுந்தனார் தாமோதரனுக்கும் அவர் சம்சாரம் வினோதினிக்கும். போன பிப்ரவரியில் ஒரே பேங்கில் ஒரே நாளில் நாலு பேரும் கையெழுத்துப் போட்டோம். வீட்டுக்கு இருபத்தைந்து லட்சம் கடன், இருபது வருஷம். மாதாமாதம் கட்டவேண்டிய டியூகூட ஒரு ரூபாய் வித்தியாசம் இல்லை, பத்தொன்பதாயிரத்து எழுநூற்று ஐம்பத்தொன்பது.

எல்லாமே ஒன்று என்றால் பாலும் ஒன்றாகப் பொங்கவேண்டாமா?

மூத்தவர் வீடு என்று முதலில் எங்கள் வீட்டில்தான் காய்ச்சினார்கள். அடுப்பு புதுசு. சிம்மில் நிற்கிறது என்று ஒருத்தருக்கும் தெரியவில்லை. பால் விளிம்பு வரைக்கும் வந்தது, எட்டிப் பார்த்தது, அப்படியே அடங்கிவிட்டது. ஐயருக்கு நேரம் போகிறதாம். "பரவாயில்லீங்கம்மா, பொங்கின மாதிரிதான்" என்றார். பொங்கின மாதிரியாம்! அடுத்து மேலே போனோம். அங்கே கிழக்குப் பக்கமாகப் பொங்கி, மேடையெல்லாம் வழிந்து, சொந்தக்காரர்கள் எல்லாம் குலவை போடாத குறை.

அவள் சமையலறைக்கு அவள் அப்பா சீராகச் செய்து கொடுத்த அலமாரிகள். இழுத்தால் வழுக்கிக்கொண்டு வருகிறது. விட்டால் தானே மூடிக்கொள்கிறது. என் சமையலறையில் கடப்பாக்கல் மேடையும், அதற்குக் கீழே நான் தைத்த பூப்போட்ட திரையும். வயிறு எரிகிறது. வேறு யாரிடம் சொல்வேன், டைரியில்தானே சொல்லமுடியும்.

2 அக்டோபர் 2022

வினோதினி மொட்டை மாடியில் துணி காயப்போட்டுக்கொண்டே, "வட்டி ஏறிக்கிட்டே போகுதுங்க்கா" என்றாள். செய்தியில் பார்த்தாளாம். பெரிய நிதி மந்திரி. ஏறினால் பேங்க்காரன் சொல்லமாட்டானா?

14 பிப்ரவரி 2023, செவ்வாய்

காலையில் தோசை ஊற்றிக்கொண்டிருக்கிறேன், வினோதினி மூச்சு வாங்க இறங்கி வந்தாள்.

"அக்கா, பேங்க்ல இருந்து கூப்புட்டாங்க. வட்டி ஏறிப்போச்சாமா. டியூவ ஏத்திக்கறீங்களா, இல்ல அதே டியூவே இருக்கட்டுமான்னு கேட்டாங்க. நாங்க ஏத்திக்கறோம்னு சொல்லிட்டோமுங்க. மாசம் மூவாயிரம் சேத்திக் கட்டோணும்."

"மூவாயிரமா!"

"ஆமாங்க்கா. உங்களுக்கும் கூப்புடுவாங்க. மாமாகிட்டச் சொல்லி நீங்களும் ஏத்திக்கோங்க. இல்லீன்னா கட்டற காலம் நீண்டுக்கிட்டே போகுமாமுங்க."

"சரி கண்ணு, சொல்றேன். தோசை சாப்புடறயா?"

"வேண்டாங்க்கா, ஸ்கூலுக்கு நேரமாச்சு." பக்கத்து மழலையர் பள்ளியில் டீச்சர் அவள்.

அவள் போனதும் யோசித்தேன். அவளுக்கு ஏறிவிட்டது. எனக்கும் ஏறினால்தானே அவளுக்குத் தூக்கம் வரும்? அதற்குத்தான் இப்படி விழுந்தடித்துக்கொண்டு ஓடிவருகிறாள். காலம் நீளுமாம். இருபது வருஷம் கட்டப்போகிறவர்களுக்கு அதற்கு மேல் இரண்டு மாதமோ மூன்று மாதமோ ஒரு பெரிய விஷயமா? தோசை ஒன்று கருகிவிட்டது. அதையும் அவள் கணக்கில்தான் எழுதவேண்டும்.

16 பிப்ரவரி 2023

அவர் போனை சார்ஜில் போட்டுவிட்டு மறந்து கிளம்பிவிட்டார். சிலிண்டர் வந்தது. அரிசியை வெயிலில் போட்டு எடுத்தேன். பேங்கிலிருந்து ஒரு பெண் பேசினாள். கடனில் நானும் கையெழுத்துப் போட்டவள்தானே, டியூ ஏறவேண்டாம், அதே இருக்கட்டும் என்று சொல்லிவிட்டேன். முருங்கைக்காய் விலையைக் கேட்டால் மயக்கம் வருகிறது. மகள் தாரிணிக்கு ரெக்கார்டு நோட் வாங்கவேண்டும். சாயங்காலம் அவரிடம் போன் வந்ததைச் சொல்லலாம் என்று இருந்தேன், வந்ததும் தலைவலி என்று படுத்துவிட்டார்.

6 மார்ச் 2023, திங்கள்

டியூ பிடித்ததாகச் செய்தி வந்தது. அதே பத்தொன்பதாயிரத்து எழுநூற்று ஐம்பத்தொன்பது! ஒரு ரூபாய் கூட ஏறவில்லை. போனைத் தூக்கிக்கொண்டு நேராக மேலே போனேன். கருவேப்பிலை கேட்கிற சாக்கு.

"உங்களுக்கு எவ்வளவு புடிச்சாங்க வினோ?"

"இருவத்திரண்டாயிரத்து அறுநூத்திச் சொச்சம் புடிச்சுட்டாங்க்கா."

"அப்படியா? எங்களுக்கு அதேதான் சாமி. என்னமோ போ, எங்கூட்டுக்காரரு முகராசி."

அவள் என்னையே பார்த்தாள். "அக்கா, அது..." என்று ஆரம்பித்தாள். "அடுப்புல பால் வெச்சிருக்கேன்" என்று வந்துவிட்டேன். அடுப்பில் ஒன்றும் இல்லை. படி இறங்கும்போது எனக்குக் கால் தரையில் படவில்லை.

அவரிடம் சொன்னபோது, "டியூ ஏறலைல்ல, அப்பறமென்ன" என்று பேப்பரைப் புரட்டினார்.

ஏறாத மூவாயிரத்தை வீணாக்கக்கூடாது. எதிர்வீதி சரோஜா அம்மா நடத்துகிற சீட்டில் மாதம் மூவாயிரத்துக்குச் சேர்ந்துவிட்டேன். எடுத்துச் சமையலறைக்கு அலமாரி போடப்போகிறேன். அவளுடையது வெள்ளை. எனக்கு அரக்குச் சிவப்பு.

11 ஜூன் 2023, ஞாயிறு

கறி எடுத்தோம். குழம்பு கொதிக்கிற நேரத்துக்கு மேலே டப்பென்று ஜன்னல் சாத்துகிற சத்தம். போன ஞாயிறும் இப்படித்தான். அதற்கு முந்தின ஞாயிறும். எங்கள் இரண்டு சமையலறையும் ஒன்றுக்கு மேல் ஒன்று, ஜன்னலும் அப்படியே. எங்கள் வீட்டு வாசனைகூட ஆகாது போல மகாராணிக்கு.

சாயங்காலம் விட்டுவிடவில்லை, கேட்டேவிட்டேன். "ஏம் வினோ, ஞாயித்துக்கிழமையானா ஜன்னலச் சாத்தற?"

"கொசு வருதுங்க்கா."

பட்டப்பகலில் கொசு! நல்லா இருக்கிறது கதை.

ஸ்கூட்டியை விற்றுவிட்டாள். பஸ்ஸில் போகிறாள். தாமோதரன் தீபாவளிக்கு வாங்குவதாக இருந்த டிவியும் இல்லையாம். எனக்குச் சந்தோஷமாக இருந்திருக்கவேண்டும். ஆனால் பஸ்ஸிலிருந்து இறங்கி அவள் நடந்து வருகிறதைப் பால்கனியில் நின்று பார்த்தால், முகத்தில் ஒரு வாட்டம் இருக்கவேண்டுமே? கிடையாது. சிரித்துக்கொண்டு வருகிறாள். உடம்புகூட நாலு கிலோ இறங்கி, பழைய ரவிக்கை எல்லாம் திரும்பச் சேருகிறதாம். அதுதான் எனக்குப் பொறுக்கவில்லை. வாரா வாரம் கறி தின்கிற நான் ஏன் கடுகடு என்று இருக்கிறேன்?

18 செப்டம்பர் 2023

பிள்ளையார் சதுர்த்தி. வினோதினி கொழுக்கட்டை கொண்டுவந்தாள். என்னுடையது வெடித்துவிட்டது, அவளுடையது மூக்கும் முழியுமாக இருக்கிறது. அதை விடு.

ஆசாரி வரைந்து கொடுத்த படத்தை அவளுக்குக் காட்டினேன். ஒன்றே முக்கால் லட்சம் ஆகுமாம். சீட்டு எடுக்க இன்னும் காலம் இருக்கிறது. அதுவரைக்கும் பொறுக்காமல், வீட்டுக் கடனுக்கு மேலேயே இன்னும் இரண்டு லட்சம் பேங்கில் கேட்கலாம் என்று அவரிடம் ஒரு மாதமாக நச்சரித்துக்கொண்டிருக்கிறேன்.

வினோதினி படத்தைப் பார்த்து, "நல்லாருக்குங்க்கா" என்றாள். அப்புறம் தயங்கித் தயங்கி, "இதுக்கு முந்தி ஒருக்கா பேங்க்ல போயி, இன்னும் எத்தன வருசம் பாக்கி இருக்குன்னு கேட்டுப் பாருங்களேன்" என்றாள்.

"ஏன்?"

"சும்மாதானுங்க. கேட்டுக்கறது நல்லதுதானே?"

பொறாமை! பச்சைப் பொறாமை. அரக்குச் சிவப்பு வந்துவிட்டால் அவள் வெள்ளையை யார் பார்ப்பார்கள்? எனக்குத் தெரியாதா இந்தக் குணமெல்லாம்.

20 நவம்பர் 2023, திங்கள்

இன்றைக்கு நடந்ததை அப்படியே எழுதுகிறேன்.

அவர் அரை நாள் லீவு போட்டார். நான் நல்ல புடவை கட்டிக்கொண்டு போனேன். பேங்கில் ஒரு சின்னப் பெண், கழுத்தில் அட்டை மாட்டியிருந்தாள். இன்னும் இரண்டு லட்சம் வேண்டும் என்றோம். கம்ப்யூட்டரைத் தட்டிப் பார்த்துவிட்டு உதட்டைப் பிதுக்கினாள்.

"கஷ்டமுங்க சார். இருக்கிற கடனே உங்களுக்கு எழுவது வயசு வரைக்கும் போகுது. அதுக்கு மேல நீட்ட முடியாதுங்க."

அவர் சிரித்தார். "எழுவதா? வேற யாரையோ பாக்கறீங்க போல. மயில்சாமின்னு பாருங்க. எனக்கு அறுவதுல முடியும். ரெண்டாயிரத்து நாப்பத்தொண்ணு."

"மயில்சாமிதானுங்க சார். முன்னால அப்படித்தான் இருந்துச்சு. வட்டி ஏறினப்ப நீங்க டியூவ ஏத்தலை இல்லீங்களா? அதனால காலம் நீண்டிருக்கு. இப்ப ரெண்டாயிரத்து ஐம்பத்தொண்ணு அக்டோபர்."

அவர் சிரிப்பு அப்படியே நின்றுவிட்டது. அந்தப் பெண் நல்ல பெண், குத்திப் பேசவில்லை. "போன மாசம் நீங்க கட்டுனதுல ஆயிரத்து ஐந்நூறு ரூவாதான் அசல்ல கழிஞ்சிருக்குங்க. மிச்சம் பூராவும் வட்டிக்கே போயிருச்சு" என்றாள்.

பத்தொன்பதாயிரத்தில் பதினெட்டாயிரம் வட்டிக்கு! நான் மாதாமாதம் செய்தி வந்ததும் பல்லைக் காட்டிக்கொண்டு பார்த்தேனே, அந்தப் பணம்.

"ஏத்தவேண்டாம்னு நான் யாருகிட்டயும் சொல்லலீங்களே" என்றார் அவர்.

"பிப்ரவரி பதினாறாந்தேதி போன்ல கேட்டிருக்காங்க சார். அதே இருக்கட்டும்னு பதில் வந்திருக்கு. குரல் பதிவு இருக்கும், மேனேஜர்கிட்டச் சொல்லிக் கேக்க வெக்கட்டுங்களா?"

புடவைத் தலைப்பைச் சுருட்டிக்கொண்டே இருந்தேன். அவர் என் பக்கம் திரும்பவே இல்லை.

"வேண்டாமுங்க. நாந்தான் சொல்லியிருப்பேன். வேலை நெருக்கடில மறந்திருப்பேன்" என்றார்.

பஸ்ஸில் வரும்போது போனில் பெருக்கிப் பார்த்தார். இருபது வருஷம் என்றால் மொத்தம் நாற்பத்தேழு லட்சம் கட்டியிருப்போம். அதுவே எனக்குப் புதுச் செய்தி, இருபத்தைந்து வாங்கினால் முப்பது முப்பத்தைந்து திருப்பிக் கொடுப்போம் என்றுதான் நான் இத்தனை நாள் நினைத்துக்கொண்டிருந்தேன். இப்போது எழுபத்திரண்டு லட்சத்துக்கும் மேலே. திரும்பத் திரும்பப் பெருக்கினார். இறங்கவேண்டிய ஸ்டாப் தாண்டிவிட்டது.

21 நவம்பர் 2023

சாம்பாருக்கு இரண்டு தடவை உப்புப் போட்டுவிட்டேன். அவர் அப்படியே சாப்பிட்டுவிட்டு எழுந்தார். தாரிணி மட்டும் மோர் ஊற்றிக்கொண்டாள்.

22 நவம்பர் 2023

காலையில் அவர் ஷூவுக்குக் கயிறு கட்டிக்கொண்டே, தலை நிமிராமல் சொன்னார். "பிப்ரவரில ஒருநாள் போன வீட்டுலயே உட்டுட்டுப் போயிட்டேன், இல்ல?"

நான் டிபன் பாக்ஸை மூடிக்கொண்டிருந்தேன். மூடி சரியாக உட்காரவில்லை.

"தெரீலைங்க. இருக்கும்."

"ம்."

கோபப்பட்டிருந்தால் நானும் பதிலுக்கு நாலு வார்த்தை பேசியிருப்பேன். அவர் எழுந்து, பாக்ஸை என் கையிலிருந்து வாங்கி, தானே மூடினார்.

"அம்பத்தெட்டுல கம்பெனில அனுப்பீருவாங்க ரேணு. அப்பறம் ரெண்டு வருசம்னா எங்கயாச்சும் கணக்கெழுதிச் சமாளிச்சரலாம்னு இருந்தேன். எழுவது வரைக்கும்னா எனக்கு யாரு வேலை குடுப்பா?"

கதவைச் சாத்திக்கொண்டு போய்விட்டார். வாட்ச்மேன் வேலைக்குத்தான் வயசானவர்களை எடுக்கிறார்கள். எங்கள் கேட்டில் உட்கார்ந்திருக்கிற தாத்தாவைப் பால்கனியிலிருந்து பார்த்தேன். நாற்காலியிலேயே தலை தொங்கத் தூங்கிக்கொண்டிருந்தார். உள்ளே வந்து அழுதேன். எழுதுவதற்கு என்ன வெட்கம், அழுதேன்.

26 நவம்பர் 2023, ஞாயிறு

மூன்று நாளாக மேலே போகலாமா வேண்டாமா என்று இருந்தேன். வேறு யாரிடம் கேட்பது? பேங்குக்குத் திரும்பப் போக அவருக்கு மனசு வரவில்லை. கடைசியில் போனேன். இந்தத் தடவை கருவேப்பிலை சாக்குக்கூட இல்லை.

வினோதினி கீரை ஆய்ந்துகொண்டிருந்தாள். பக்கத்தில் உட்கார்ந்து நானும் ஒரு கட்டு எடுத்துக்கொண்டேன். முற்றின தண்டை ஒடித்துப் போட்டேன்.

"பேங்குக்குப் போனோம் வினோ. எழுவது வயசு வரைக்கும் கட்டோணுமாம்."

அவள் கையில் இருந்த கீரை கீழே விழுந்தது. "எழுவதா! அய்யோ, அவ்வளவு நீளும்னு எனக்கே தெரியாதுங்க்கா. ஒண்ணு ரெண்டு வருசம் கூடும்னுதான் நெனச்சேன்."

"நீ அன்னைக்கே சொன்ன."

"சொன்னேன். நீங்க..." நிறுத்திக்கொண்டாள். நானும் மேலே கேட்கவில்லை.

"இனி ஒண்ணும் பண்ண முடியாதா?"

"ஏன் முடியாது? எழுதிக் குடுத்தா மறுபடி டியூவ ஏத்திப் பழைய தேதிக்கே கொண்டுவந்துருவாங்க. நம்ம கையில இருக்குதுங்க்கா. மாசம் மூவாயிரத்துச் சொச்சம், அவ்வளவுதான்."

அவ்வளவுதான் என்கிறாள்! எனக்குச் சுருக்கென்றது. "உனக்கென்ன, நீ சமாளிச்சுக்குவ. கறியா மீனா, ஒண்ணும் வேண்டாம் உனக்கு. சிரிச்சுக்கிட்டே பஸ்ஸுல போவ. எனக்கு அப்படி வராது" என்று சொல்லிவிட்டேன். கொஞ்சம் சூடாகத்தான் சொன்னேன்.

அவள் கீரைத் தட்டைத் தள்ளி வைத்தாள். முகம் சிவந்துவிட்டது.

"யாருக்குங்க்கா வேண்டாம்? எம்பசங்க ஞாயித்துக்கிழமையானா மூக்க உறிஞ்சிக்கிட்டு நிப்பாங்க, 'பெரியம்மா வீட்டுல கறிக்கொழம்பும்மா'ன்னு. எனக்கே வாயில எச்சி ஊறும். பருப்பு சோத்த வெச்சுக்கிட்டு உங்க தாளிப்பு வாசனைய மோந்துக்கிட்டிருந்தா எனக்கு எப்படி இருக்கும்? ஒருநாளு உங்க மேல அப்படி ஒரு ஆத்தாமை வந்துச்சு பாருங்க, ஜன்னல அடிச்சுச் சாத்துனேன். கொக்கி உட்டுப்போச்சு."

எழுந்து போய்ப் பார்த்தேன். நிஜமாகவே கொக்கி இல்லை. துணிக் கயிறு போட்டுக் கட்டியிருந்தாள்.

இத்தனை நாள் நான் மட்டும்தான் வெந்துகொண்டிருக்கிறேன் என்று நினைத்தேனே! எனக்கு என்ன தோன்றியது என்று உள்ளபடி எழுதுகிறேன். முதலில் பாவமாக இருந்தது. உடனேயே, கொஞ்சம் நிம்மதியாகவும் இருந்தது.

"கொசுன்னு சொன்னயே?" என்றேன்.

"பின்ன, உங்க கொழம்புன்னா சொல்லுவேன்?"

இரண்டு பேரும் சிரித்தோம். கீரை பாதி தரையில்.

4 டிசம்பர் 2023

சரோஜா அம்மாவிடம் பேசி என் சீட்டை வேறொருத்திக்கு மாற்றிவிட்டேன். கட்டிய பணத்தில் கொஞ்சம் பிடித்துக்கொண்டுதான் கொடுத்தார்கள். அந்த மாத மூவாயிரம் இனிமேல் டியூவுக்கு. ஆசாரி வரைந்த படத்தை மடித்து அரிசி டப்பாவுக்கு அடியில் வைத்திருக்கிறேன். கிழிக்க மனசு வரவில்லை.

பேங்குக்கு நாலு பேருமாகப் போனோம். வினோதினிதான் எழுதிக் கொடுத்தாள், நானும் அவரும் கையெழுத்துப் போட்டோம். 2041 பிப்ரவரி என்று அந்தப் பெண் திருத்திக் காட்டியதும் அவர் நெடுநேரம் அந்தத் திரையையே பார்த்துக்கொண்டிருந்தார். அப்புறம் வெளியே வந்து எல்லோருக்கும் டீ வாங்கிக் கொடுத்தார். எனக்கு மட்டும் சர்க்கரை கொஞ்சம் தூக்கலாகப் போடச் சொன்னார். போனைப் பற்றி அவரும் பேசவில்லை, நானும் பேசவில்லை.

ஒரே ஒரு விஷயம். புது டியூ இருபத்திரண்டாயிரத்துத் தொள்ளாயிரத்து இருபது. வினோதினியைவிட மாதம் இருநூற்று அறுபது ரூபாய் அதிகம். ஒரே கடன், ஒரே நாள், ஒரே கடைசித் தேதி. நடுவில் நான் முகராசி பேசித் திரிந்த ஒன்பது மாதத்துக்கு விலை அது. பதினேழு வருஷம் கட்டவேண்டும்.

17 டிசம்பர் 2023, ஞாயிறு

இனி மாதத்துக்கு இரண்டு ஞாயிறுதான் கறி என்று முடிவு செய்திருக்கிறோம். இன்றைக்கு அந்த ஞாயிறு இல்லை. தக்காளி ரசமும் அப்பளமும் வைத்தேன்.

காலையிலேயே திட்டம் போட்டுவிட்டேன். தீபாவளி போனஸ் வருஷா வருஷம் கொஞ்சமாவது அசலில் போய் விழுந்தால், 2041-க்கு முன்னாலேயே முடித்துவிடலாம். வினோதினிக்கு ஒரு மாதம் முன்னால் முடித்தால்கூடப் போதும். பத்திரம் கைக்கு வருகிற அன்றைக்கு மறுபடி பால் காய்ச்சப்போகிறேன். அடுப்பு சிம்மில் இல்லாமல் நானே நின்று பார்த்துக்கொள்வேன். அவளிடம் சொன்னால், "பாக்கலாமுங்க்கா" என்று இடுப்பில் கை வைத்துக்கொண்டு நிற்கிறாள். சரியான கைகாரி.

மத்தியானம் ரசத்துக்குத் தாளித்துக்கொண்டிருக்கும்போது மேலேயிருந்து வாசனை இறங்கியது. கறி. மிளகு வறுத்து அரைத்த நல்ல கெட்டிக் குழம்பு. தாமோதரனுக்கு ஓவர்டைம் பணம் வந்திருக்கும். ஆறு மாதத்துக்கு ஒருநாள் எடுக்கிறவள், பார்த்துப் பார்த்து இந்த ஞாயிறா எடுக்கவேண்டும்?

கை தானாகப் போய் ஜன்னலைச் சாத்தியது.

தாரிணி தட்டோடு வந்து நின்றாள். "ஏம்மா சாத்தற? புழுக்கமா இருக்குது."

"கொசு வருது கண்ணு" என்றேன்.